பாமாலைத் தொகுப்பு அச்சிடப் போகிறீர்களா? உரிமை முதல் அட்டவணை வரை

சபையிலோ பாடகர் குழுவிலோ யாராவது ஒருநாள், "நமக்கென்று ஒரு பாட்டுப் புத்தகம் போட்டால் என்ன?" என்று கேட்பார்கள். பாட்டு தெரிந்தவர் என்பதால் வேலை உங்கள் தலையில் விழும். பாடல்களைத் தேர்ந்தெடுப்பதுதான் கடினம் என்று நினைப்பீர்கள். அதைச் சில மாலைகளில் முடித்துவிடலாம். பதிப்புரிமை யாரிடம் இருக்கிறது என்று தேடுவதும், கடிதம் எழுதிவிட்டுக் காத்திருப்பதும், மொழிபெயர்ப்பு மெட்டில் உட்காராமல் துள்ளுவதைச் சரிசெய்வதும்தான் மாதங்களைத் தின்னும். அப்படி ஒரு தொகுப்போடு மல்லுக்கட்டி முடித்தபின் இதை எழுதுகிறேன். சட்டம் நாட்டுக்கு நாடு மாறும். பெரிய அளவில் விற்பனைக்குப் போடுகிறவர்கள் ஒரு வழக்கறிஞரையும் பார்த்துவிடுவது நல்லது.

1. ஒவ்வொரு பாட்டையும் நான்காகப் பிரியுங்கள்

இந்த ஒன்றைச் சரியாகச் செய்தால் பாதிச் சிக்கல் தீர்ந்தது. நாம் "ஒரு பாட்டு" என்று சொல்வது உரிமைக் கணக்கில் ஒன்றல்ல. மூலச் சொற்கள், மொழிபெயர்ப்பு, மெட்டு, நால்குரல் இசையமைப்பு (மெட்டை நான்கு குரல்கள் சேர்ந்து பாடுமாறு அமைத்தது) என்று குறைந்தது நான்கு பொருள்கள் அதில் உண்டு. நான்கும் நான்கு பேருடையதாக இருக்கலாம். மூன்று பழையதாகி எல்லோருக்கும் பொதுவாகியிருக்க, நான்காவதுக்கு இன்னும் உரிமையாளர் இருக்கலாம்.

கிறிஸ்துமஸில் தவறாமல் பாடும் "ஹார்க் த ஹெரால்ட்" பாட்டைப் பாருங்கள். சொற்களை சார்லஸ் வெஸ்லி 1739-இல் வெளியிட்டார். இன்று நாம் பாடும் முதலடி அவருடையதல்ல, 1753-இல் ஜார்ஜ் விட்ஃபீல்ட் மாற்றியது. மெட்டு, மெண்டல்சன் 1840-இல் எழுதிய ஒரு கூட்டிசைப் படைப்பிலிருந்து 1855-இல் வில்லியம் கம்மிங்ஸ் எடுத்துப் பொருத்தியது. இவை எல்லாமே பழையவை, பயமில்லை. ஆனால் அதன் தமிழ்ச் சொற்கள் நாற்பது ஆண்டுகளுக்கு முன் ஒருவர் எழுதியவையாக இருந்தால், நீங்கள் கேட்க வேண்டியது அவரிடம் அல்லது அவர் வாரிசுகளிடம்.

இதற்கு நேரெதிரான பொறியும் உண்டு. "ஹௌ கிரேட் தோ ஆர்ட்" பாட்டின் வேர், கார்ல் போபெர்க் 1885-இல் ஸ்வீடிஷ் மொழியில் எழுதிய கவிதை. அவர் 1940-இல் இறந்தார். கவிதை இன்று பொதுச்சொத்து, யாரும் அனுமதியின்றிப் பயன்படுத்தலாம். உலகம் பாடும் ஆங்கில வடிவமோ ஸ்டூவர்ட் ஹைன் 1949-இல் வெளியிட்டது. அவர் 1989-இல்தான் இறந்தார். ஆங்கிலத்தைப் பார்த்து நீங்கள் தமிழாக்கினால் ஹைனின் உரிமையாளரிடம் அனுமதி வாங்க வேண்டும். "மூலம் பழசுதானே" என்ற வாதம் அங்கே எடுபடாது.

ஆகவே பாட்டுக்கு ஓர் அட்டை போடுங்கள். கணினியில் அட்டவணையாகவும் வைக்கலாம். முதலடி, எழுதியவர், அவர் இறந்த ஆண்டு, முதலில் வெளியான ஆண்டு, மொழிபெயர்த்தவர், அவர் இறந்த ஆண்டு, மெட்டின் பெயர், மெட்டமைத்தவர், நால்குரல் அமைத்தவர், உரிமையாளர், கடிதம் அனுப்பிய நாள், பதில் வந்த நாள், கட்டணம், பாட்டின் கீழே அவர்கள் அச்சிடச் சொல்லும் உரிமை அறிவிப்பு வரி. கடைசி ஐந்து கட்டங்கள் காலியாக இருக்கும் பாடல்தான் அச்சு நாளில் உங்களை மாட்டிவைக்கும்.

2. எது பொதுச்சொத்து என்று கணக்கிடுங்கள்

பதிப்புரிமைக்கான பன்னாட்டு உடன்படிக்கையான பெர்ன் ஒப்பந்தத்தின்படி உறுப்பு நாடுகள் தர வேண்டிய குறைந்தபட்சப் பாதுகாப்பு, ஆசிரியரின் ஆயுளும் அதன்பின் 50 ஆண்டும். இந்தியாவில் அது 60. பிரிட்டனிலும் ஐரோப்பிய ஒன்றியத்திலும் 70. அமெரிக்காவில் 1978-க்கு முன் வெளியானவற்றுக்குக் கணக்கு வேறு: வெளியான ஆண்டிலிருந்து அதிகபட்சம் 95 ஆண்டு. எல்லா இடத்திலும் காலம் டிசம்பர் 31-இல்தான் முடிகிறது. இறந்த தேதி எதுவானாலும் அந்த ஆண்டை மட்டும் பாருங்கள்.

இந்த வேறுபாடு ஏட்டளவில் நிற்பதல்ல. "கிரேட் இஸ் தை ஃபெய்த்ஃபுல்னஸ்" 1923-இல் வெளியானது. ஆகவே அமெரிக்காவில் 2019 தொடக்கத்திலேயே பொதுச்சொத்தாகிவிட்டது. சொற்களை எழுதிய தாமஸ் சிஸோம் 1960-இல் இறந்தார். 60 ஆண்டுக் கணக்கில் அது 2020 முடிவோடு தீர்ந்தது. 70 ஆண்டுக் கணக்கில் 2030 முடிவு வரை நீளும். மூல நாட்டில் காலம் தீர்ந்தால் தங்களிடமும் தீர்ந்ததாக எடுத்துக்கொள்ளும் நாடுகளும் உண்டு. நீங்கள் அச்சிடும் நாடு, விற்கும் நாடு இரண்டின் விதியையும் பாருங்கள். இணையத்தில் ஒருவர் "இது பொதுச்சொத்து" என்று எழுதியிருந்தால், அவர் எந்த நாட்டில் உட்கார்ந்து எழுதினார் என்பதுதான் முதல் கேள்வி.

இங்கே மூன்று பொறிகள். "எழுதியவர் தெரியவில்லை" என்று பழைய புத்தகத்தில் இருந்தால் அந்தத் தொகுப்பாளருக்குத் தெரியவில்லை என்றுதான் பொருள். இலவசம் என்று பொருளல்ல. "பாரம்பரிய மெட்டு" என்ற குறிப்பு மெட்டுக்கு மட்டும். அதற்கு யாரோ சென்ற தலைமுறையில் அமைத்த நால்குரலுக்கு அல்ல. மூன்றாவது, பழைய பாட்டுதானே என்று புதிய பதிப்பின் பக்கத்தை அப்படியே நகலெடுப்பது. பிரிட்டனில் அச்சுப் பக்கத்தின் அமைப்புக்கே வெளியான ஆண்டிலிருந்து 25 ஆண்டு தனி உரிமை உண்டு. இசைக்குறிப்பை நீங்களே புதிதாகத் தட்டச்சு செய்துவிட்டால் இந்தத் தொல்லை இல்லை.

ஆசிரியர் பெயரும் ஆண்டும் தேட, ஹிம்னரி என்ற இணையத் தரவுத்தளத்தில் தொடங்குங்கள். முதலடியோ மெட்டின் பெயரோ கொடுத்தால் எந்தெந்தப் புத்தகங்களில் வந்தது என்று காட்டும். பல பழைய பதிப்புகளின் பக்கப் படங்களும் உண்டு. ஆழமாகப் படிக்க விரும்புகிறவர்களுக்கு கேன்டர்பரி பாமாலை அகராதி இருக்கிறது. அதற்குச் சந்தா கட்ட வேண்டும். தமிழ்ப் பாடல்களுக்கு இப்படி ஒரே இடம் கிடையாது. பழைய பதிப்புகளைத் தேடி, மிக முந்தைய பதிப்பில் என்ன பெயர் போட்டிருக்கிறது என்று பார்ப்பதுதான் வழி. பிந்தைய பதிப்புகளில் பெயர்கள் உதிர்ந்துபோயிருக்கும், சரணங்களும் மாறியிருக்கும். ஒரு சரணம் விசித்திரமாகப் பட்டால் முதல் பதிப்போடு ஒப்பிடுங்கள். பெரும்பாலும் அச்சுப்பிழைதான் தலைமுறை தலைமுறையாக ஓடிவந்திருக்கும்.

3. பாடுவதற்கும் அச்சிடுவதற்கும் ஒரே அனுமதி அல்ல

ஆராதனையில் பாடுவதற்குப் பல நாட்டுச் சட்டங்கள் விலக்கு தருகின்றன. இந்தியச் சட்டத்தில் நேர்மையான சமயச் சடங்கின்போது பாடுவதற்கு விலக்கு உண்டு. அமெரிக்கச் சட்டத்தில் வழிபாட்டு இடத்தில் ஆராதனையின்போது பாடுவதற்கு உண்டு. "சபைக்குத்தானே, பிரச்சினையே இல்லை" என்ற நம்பிக்கை இங்கிருந்துதான் பிறக்கிறது. ஆனால் அந்த விலக்கு வாயால் பாடுவதோடு நின்றுவிடுகிறது. நகலெடுப்பது, திரையில் காட்டுவது, பதிவு செய்வது, நேரலையில் அனுப்புவது, புத்தகம் போடுவது இவை எல்லாம் வேறு.

திரைக்கும் வாராந்திரத் தாளுக்கும் சிசிஎல்ஐ, ஒன் லைசென்ஸ் போன்ற அமைப்புகள் ஆண்டு உரிமம் தருகின்றன. கட்டணம் பொதுவாகச் சபையின் அளவைப் பொறுத்தது. எந்தப் பாடலைப் பயன்படுத்தினீர்கள் என்று அறிக்கை கொடுக்க வேண்டும். நேரலைக்குத் தனி உரிமம். விற்பனைக்குப் போடும் புத்தகம் இந்த ஆண்டு உரிமத்துக்குள் வராது. அதற்கு உரிமையாளரிடம் நேரே போக வேண்டும்.

4. அனுமதிக் கடிதம்

ஒரு உரிமையாளருக்கு ஒரே கடிதம் எழுதுங்கள். அவருடைய பாடல்கள் அனைத்தையும் அதில் பட்டியலிடுங்கள். பாட்டுக்கொரு கடிதம் அனுப்பினால் ஏதாவது ஒன்று எங்காவது தொலையும். கடிதத்தில் இருக்க வேண்டியவை: பாடலின் பெயர், எந்தச் சரணங்கள், சொற்கள் மட்டுமா இசைக்குறிப்பும் சேர்த்தா, எந்த மொழியில், எத்தனை பிரதிகள், விற்பனையா இலவசமா, விற்பனை என்றால் உத்தேச விலை, எந்தெந்த நாடுகளில், அச்சா மின்னூலா இரண்டுமா, அச்சுக்குப் போகும் தேதி, வெளியிடுபவரின் பெயரும் முகவரியும்.

மின்னூலை இப்போதே கேட்டுவிடுங்கள். பின்னால் "பி.டி.எஃப். அனுப்புங்கள்" என்று வெளியூரிலிருந்து யாராவது கண்டிப்பாகக் கேட்பார்கள், அச்சுக்கு மட்டும் வாங்கிய அனுமதியை வைத்துக்கொண்டு அதை அனுப்ப முடியாது.

மொழிபெயர்ப்புக்கு அனுமதி கேட்டால் இன்னும் இரண்டு தாள்கள் தேவைப்படும். உங்கள் தமிழ் வடிவம் ஒன்று. அதைச் சொல்லுக்குச் சொல் மறுபடி ஆங்கிலத்தில் திருப்பி எழுதிய தாள் இன்னொன்று. தமிழ் தெரியாத உரிமையாளர் நீங்கள் என்ன சொல்லியிருக்கிறீர்கள் என்று சரிபார்க்க அதைக் கேட்பது வழக்கம். அழகாக எழுத முயலாதீர்கள், தட்டையாகவே இருக்கட்டும். ஒப்பந்தத்தில் ஒரு வரியைக் கவனமாகப் படியுங்கள்: பல பதிப்பகங்கள், மொழிபெயர்ப்பின் உரிமையும் தங்களுக்கே சேரும் என்று எழுதி வாங்கிக்கொள்ளும். அது உங்கள் குழுவைச் சேர்ந்த ஒருவர் இரவும் பகலும் உழைத்துச் செய்த மொழிபெயர்ப்பாக இருக்கும். கையெழுத்துக்கு முன்பே அவரிடம் சொல்லிவிடுங்கள். பின்னால் தெரிந்தால் நட்பு கெடும்.

உங்கள் குழுவில் ஒருவர் புதிதாக எழுதிய பாடலுக்கும் ஒரு தாளில் அனுமதி எழுதி வாங்குங்கள். "நம்ம ஆள்தானே" என்பது ஆவணம் ஆகாது. அவர் வேறு ஊருக்குப் போன பிறகு, இரண்டாம் பதிப்பின்போது யாரைக் கேட்பீர்கள்?

5. மொழிபெயர்ப்பை மெட்டில் உட்காரவைப்பது

இசைப் பாமாலைப் புத்தகத்தில் மெட்டின் பெயரோடு 8.6.8.6 போன்ற எண்கள் இருக்கும். ஒவ்வோர் அடியிலும் எத்தனை ஒலிகள் என்பதே அது. 8.6.8.6 பொது மீட்டர், 8.8.8.8 நீள் மீட்டர், 6.6.8.6 குறு மீட்டர். எண்கள் ஒத்துப்போனால் ஒரு பாட்டின் சொற்களை இன்னொரு மெட்டில் பாடிவிடலாம். ஜான் நியூட்டனின் "அமேசிங் கிரேஸ்" சொற்கள் 1779-இல் வெளியாயின. இன்றைய மெட்டோடு அவை அச்சில் சேர்ந்தது 1835-இல்தான். இது உங்களுக்கு லாபம்: புதிய மெட்டுக்கு அனுமதி கிடைக்காவிட்டால், புத்தகத்தின் பின்னுள்ள மீட்டர் அட்டவணையில் அதே எண்ணுள்ள பழைய மெட்டைத் தேடுங்கள்.

தமிழில் இதை எண்ணுவது சுலபம். மெய்யெழுத்தை விட்டுவிட்டு மற்ற எழுத்துகளை எண்ணினால் போதும். கட்டளைக் கலித்துறை எழுதியவர்களுக்கு இது பழக்கமான கணக்கு: நேரசையில் தொடங்கினால் அடிக்கு 16, நிரையசையில் தொடங்கினால் 17. யாப்பின் அசையை இங்கே எண்ணாதீர்கள். நிரையசையில் இரண்டு ஒலிகள் இருப்பதால் கணக்கு தப்பும். "கிருபை" எழுத்தில் மூன்று. பாடும்போது பல இடங்களில் இரண்டாகச் சுருங்கிவிடும். எதை வைத்துக்கொள்கிறீர்கள் என்று முடிவு செய்து, புத்தகம் முழுவதும் அப்படியே வையுங்கள்.

எண்ணிக்கை சரியாக இருந்தும் பாட்டு நொண்டும். காரணம் குறிலும் நெடிலும். நீண்ட சுரத்தில் குறில் விழுந்தால் அது நெடிலாகக் கேட்கும்: "பலன்" பாலன் ஆகிவிடுவார், "மலை" மாலை ஆகும். வேகமான சுரத்தில் நெடில் விழுந்தால் "வானம்" வனமாகிவிடும். காகிதத்தில் இது கண்ணுக்குத் தெரியவே தெரியாது.

அடுத்தது தாளம். பொது மீட்டர் மெட்டுகள் பெரும்பாலும் மெல்லிய அடியில் தொடங்கி, இரண்டாவது ஒலியில்தான் அழுத்தம் பெறும். தமிழ்ச் சொல்லோ முதலெழுத்திலேயே எடுப்பாகத் தொடங்க விரும்புவது. "தேவனே உந்தன் அன்பிலே" என்பதில் எட்டு ஒலிகள் சரியாக இருக்கின்றன. ஆனால் அந்த மெட்டில் "தே" குறுகி, "வ" ஓங்கி ஒலிக்கும். குறிலை அடுத்து நெடில் வரும் சொல்லால் தொடங்குங்கள்: பிதாவே, இராவும், சதா, உலாவும். இந்தக் கட்டுரைக்காகக் கட்டிய ஒரு சரணம்:

பிதாவே உந்தன் அன்பிலே
எந்நாளும் வாழுவோம்;
இராவும் நீங்கிப் போகையில்
உம் நாமம் பாடுவோம்.

கவிதையாக இதில் பெரிதாக ஒன்றுமில்லை. ஆனால் இரண்டாம், நான்காம், ஆறாம், எட்டாம் ஒலிகளைத் தட்டிப் பாருங்கள். தட்டு விழும் இடமெல்லாம் நெடிலோ ஒற்றடுத்த எழுத்தோதான் இருக்கும். பாடகர் குழு இதைப் பார்த்தவுடன் பாடிவிடும். முதல் சரணம் மட்டும் சரியாக இருந்தால் போதாது. எல்லாச் சரணங்களையும் பாடிப் பாருங்கள். மூன்றாவது சரணத்தில்தான் மொழிபெயர்ப்பாளர் களைத்திருப்பார்.

எதிரெதிர் சாய்வுள்ள மெட்டுகளைக் கலக்காதீர்கள். 8.7.8.7 என்று ஒரே எண் போட்டிருந்தாலும் சில மெட்டுகள் அழுத்தத்தில் தொடங்கும், சில மெல்லிய அடியில். வாயால் பாடிப் பார்ப்பதைத் தவிர இதற்கு வேறு சோதனை இல்லை.

6. சுதியும் இசைக்குறிப்பும்

பழைய புத்தகங்களில் பல மெட்டுகள் சபையால் எட்ட முடியாத உயரத்தில் இருக்கும். மெட்டின் உச்சி மேல் 'டி' சுரத்தோடு நிற்குமாறு சுதியை இறக்கினால் பெரும்பாலானவர்கள் பாடுவார்கள். ஐந்து கோட்டுக் குறிப்பா, சுரங்களை எழுத்துகளால் குறிக்கும் டோனிக் சோல்ஃபாவா என்பதை உங்கள் குழு எதைப் படிக்கிறது என்று கேட்டு முடிவு செய்யுங்கள். மியூஸ்ஸ்கோர், லிலிபாண்ட் இரண்டும் இலவச மென்பொருள்கள். ஆகவே இங்கே செலவு பணமல்ல, நேரம்.

7. செலவும் காலமும்

செலவு ஐந்து இடத்தில் வரும்: அனுமதிக் கட்டணம், தட்டச்சும் பக்க அமைப்பும், மெய்ப்பு, அச்சு, கட்டுமானம். அனுமதிக்குச் சிலர் ஒரே தொகை கேட்பார்கள். சிலர் விற்பனை விலையில் பங்கு கேட்பார்கள். அந்தப் பங்கு புத்தகத்திலுள்ள உரிமைப் பாடல்களுக்கிடையே பிரிக்கப்படும். சிலர் ஒன்றும் வாங்காமல் இரண்டு பிரதிகள் மட்டும் அனுப்பச் சொல்வார்கள். கேட்காமல் எதையும் ஊகிக்காதீர்கள். பெரிய பெயர்கள் சும்மா தருவதும், ஒரே பாட்டுக்கு உரிமையுள்ள சிறியவர் முறுக்கிக்கொள்வதும் நடக்கும். கட்டுமானத்தில் மட்டும் சிக்கனம் வேண்டாம். பசை மட்டும் போட்ட புத்தகம் ஆர்கன் மேல் விரித்தால் மூடிக்கொள்ளும். நூல் தைத்த கட்டு கேளுங்கள்.

காலத்தைப் பின்னாலிருந்து கணக்கிடுங்கள். வெளியீட்டு நாளுக்குக் குறைந்தது ஆறு மாதம் முன்பே எல்லாக் கடிதங்களும் போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். பதில் வர வாரங்கள் ஆகும், சில நேரம் மாதங்கள். பதில் வராதது சம்மதமல்ல. நினைவூட்டல் அனுப்பி, ஒரு கடைசித் தேதி குறித்து, அன்று வரை வராத பாட்டை எடுத்துவிட்டு மாற்றுப் பாட்டைப் போடுங்கள். மாற்றுப் பட்டியல் முதல் நாளே தயாராக இருக்கட்டும், முழுக்கப் பொதுச்சொத்துப் பாடல்களாக. வெளியீட்டு விழா பண்டிகைக் காலத்தில் என்றால் அச்சகத்திலும் நெரிசல் என்பதை மறக்காதீர்கள்.

8. அச்சுக்கு முன் பார்க்க வேண்டியவை

பக்க எண்ணிக்கை பதினாறின் மடங்காக இருந்தால் தாள் வீணாகாது. பாட்டு நடுவில் பக்கம் புரட்டும்படி விடாதீர்கள். இரண்டு பக்கப் பாட்டு என்றால் இடப்பக்கத்தில் தொடங்கட்டும்.

எழுத்துருவைப் பற்றி அச்சகத்திடம் முதலிலேயே பேசுங்கள். யூனிகோடில் கொடுத்ததை அவர்கள் பழைய எழுத்துருவுக்கு மாற்றினால் ஒகர ஓகாரக் கொம்புகள் இடம் மாறுவதும், ஸ்ரீ, க்ஷ போன்றவை காணாமற்போவதும் நடக்கும். மாற்றியபின் மறுபடி மெய்ப்புப் பார்க்க வேண்டும். "ஏற்கெனவே பார்த்தாயிற்று" என்பது மாற்றத்துக்கு முந்தைய கதை.

முதலடி அகராதியை இயந்திரத்தை மட்டும் நம்பிச் செய்யாதீர்கள். யூனிகோடில் ன என்பது ந-வுக்கும், ற என்பது ர-வுக்கும் அடுத்து நிற்கிறது. நம் நெடுங்கணக்கில் அவை இரண்டும் கடைசி. மென்பொருள் எண் வரிசையில் அடுக்கினால் பாட்டைத் தேடுகிறவர் இல்லாத இடத்தில் தேடுவார். அடுக்கியபின் ஒருமுறை கையால் திருத்துங்கள். மீட்டர் அட்டவணையையும் சேர்த்துவிடுங்கள். ஆர்கன் வாசிப்பவர் உங்களை வாழ்த்துவார்.

உரிமை வரியை உரிமையாளர் எழுதிக்கொடுத்தபடியே, புள்ளி காற்புள்ளி மாறாமல், அந்தந்தப் பாட்டின் கீழே போடுங்கள். அனுமதி பெரும்பாலும் குறிப்பிட்ட பிரதி எண்ணிக்கைக்குத்தான். மறுபதிப்புக்கு மறுபடி கேட்க வேண்டும். எனவே அட்டைகள், கடிதங்கள், கட்டண ரசீதுகள் அனைத்தையும் ஒரே கோப்பில் கட்டி, உங்கள் வீட்டில் வைத்துக்கொள்ளாமல் சபை அலுவலகத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்கிவிடுங்கள்.